டைரக்டர் சிவஞானத்தின் மௌனம்

டீயில சர்க்கரை கொஞ்சம் தூக்கலா இருக்குதுங்க சார். பரவாயில்லை, நான் அப்படித்தான் குடிப்பேன்.

என் பேரு கஸ்பார். புதுச்சேரியில பிரெஞ்சு படிச்சவன். டைரக்டர் சிவஞானம் படங்க வெளிநாடு போறப்போ திரையில கீழே ஓடுற பிரெஞ்சு எழுத்தையெல்லாம் நான்தான் எழுதுவேன். நம்ம பக்கம் அவர் படம்னா கொட்டகை நிரம்பிடும். எழுபத்து நாலுல பாரீஸ்ல முதல் தடவை போட்டப்போ, கதாநாயகி சாகிற சீனுக்கு சனங்க வயித்தைப் பிடிச்சுக்கிட்டு சிரிச்சாங்க. அவர் பக்கத்து சீட்டுல துண்டால முகத்தை மூடிக்கிட்டார். எனக்குப் பொறுக்கலை.

அடுத்த படத்தை நம்ம மரக்காணம் உப்பளத்துல எடுத்தார். தங்கச்சி செத்துக் கிடக்கிறா, அண்ணன் மூணு பக்கம் வசனம் பேசி அழறான். நான் கீழே ‘காற்று’ன்னு மட்டும் போட்டேன். காமெடியன் வேட்டி அவிழ்ந்து ஓடுற இடத்துல, ‘நாம் எல்லோரும் இப்படித்தான்’னு எழுதினேன். பாரீஸ்ல ஒருத்தர்கூட சிரிக்கலை. ‘மௌனத்தின் ஞானி’ன்னு பேப்பர்ல போட்டாங்க. அவரும் அதைக் கண்ணாடி போட்டு ஹால்ல மாட்டிக்கிட்டார்.

போன வியாழக்கிழமை பாரீஸ் விமர்சகருங்க அவரைப் பார்க்க அந்த உப்பளத்துக்கே வர்றதா இருந்துச்சு. அதுக்குள்ள புதுச்சேரிக்காரர் யாரோ உள்ளதை அவர்கிட்ட சொல்லிட்டார். மத்தியானம் ஆளுங்க சோத்துக்குப் போன நேரம், உப்பு அம்பாரத்துக்கிட்ட நின்னு டைரக்டர் என்னைக் கேட்டார்.

“ஏம்பா கஸ்பாரு, என் வசனத்துக்கு நீ காத்துன்னு போட்டியாமே?”

“அதனாலதாங்க அழுதாங்க.”

“நான் எழுதினதுக்கு சிரிச்சா சிரிச்சிட்டுப் போறாங்க. சாயந்திரம் நானே இங்கிலீஷ்ல எல்லாத்தையும் பேசிக்கிறேன்.”

அவர் இங்கிலீஷ் எப்படின்னு எனக்குத் தெரியும் சார்.

உப்பு வாருற பலகை பக்கத்துல சாஞ்சிருந்துச்சு. ஒரே அடிதான். அம்பாரத்துல படுக்க வெச்சு, உப்பைச் சரிச்சு, மேலே ஓலையைப் பழையபடி போட்டேன்.

சாயந்திரம் வந்தவங்க, அவர் எங்கேன்னாங்க. இங்கேதான் இருக்கார், பேச மாட்டார்னேன். அம்பாரத்துக்கு முன்னாடி ஷூவைக் கழட்டிட்டு ரொம்ப நேரம் நின்னாங்க. ஒரு அம்மா கண்ணைத் துடைச்சுக்கிட்டாங்க. இதைவிடப் பெரிய சினிமா இல்லைன்னு ஒருத்தர் சொன்னார். மறுநாள் லாரிக்கு உப்பு வாரினவங்க பார்க்காம இருந்திருந்தா, மௌனத்தின் ஞானிங்கிற பேரு அப்படியே நின்னிருக்கும்.

நான்தான் கொன்னேன், எழுதிக்குங்க. ஆனா அவருக்கு நான் துரோகம் பண்ணலை. அடி விழுந்தப்புறம் அவர் ஏதோ சொன்னார். அதை சாயந்திரம் வந்தவங்ககிட்ட பிரெஞ்சுல ரொம்ப அழகா சொல்லிட்டேன். தமிழ்ல என்ன சொன்னார்னு நான் கவனிக்கலை.