முப்பத்தெட்டு முறை தோற்ற சட்ட அலுவலருக்கு எதிர்மேசையின் மடல்

பல்கலைக்கழகத் தேர்வுத்துறையின் சட்டப் பிரிவில் முப்பத்தோராண்டு பணியாற்றி இன்று ஓய்வுபெறும் அம்மையீர்! நயமும் நேர்மையும் நாவில் நடம்புரிய நீதிமன்றப் படியேறிய நற்பெருந்தகையீர்! நாற்பத்தொரு வழக்குகளில் முப்பத்தெட்டில் தோற்றும் தலைநிமிர்ந்து திரும்பிய தனிப்பெருந் தலைவியாரே! வணக்கம்.

இம்மடலை எழுதும் பணி, தங்களுக்கு எதிர்மேசையில் அமர்ந்து, தேர்வெழுதத் தகுதியுடையோர் பட்டியலைத் தயாரிக்கும் மூத்த கண்காணிப்பாளரிடம் ஒப்படைக்கப்பட்டது. அவருக்குத் தங்கள்மீது தீராப் பொறாமை உண்டு. அதை மறைத்துவிட்டுப் பாராட்டுவது முறையாகாது என்பதால், முதலிலேயே பதிவு செய்துவிடுகிறோம்.

பொறாமை கொள்ளாமல் எப்படி இருப்பது? வருகை எழுபத்தைந்து விழுக்காட்டுக்குக் குறைந்தோரை ஒரு பெயரும் பிசகாமல் நீக்கிப் பட்டியலிட்டவர் அவர். அவர் தாழ்வாரத்தில் வந்தால், "டேய், எழுபத்தஞ்சு வருது, ஓடு!" என்பார்கள் மாணவர்கள். பட்டியலில் பெயரில்லை என்று பல்கலைக்கழகத்தின்மேல் வழக்குத் தொடுத்த அதே மாணவர்கள், எதிர்த்தரப்பில் நிற்கும் தங்களிடம் வந்து, "அக்கா, நம்ம கேஸ் எப்பக்கா வருது?" என்று கேட்டு, தங்கள் குவளையிலேயே தண்ணீரும் குடித்துப் போவார்கள்! அவர்களுள் ஒருவரேனும் எதிர்மேசையில் தண்ணீர் கேட்டதில்லை.

வழக்குதோறும் தாங்கள் மாணவர் வருகைப் பதிவேட்டோடு ஆசிரியர் வருகைப் பதிவேட்டையும் சுமந்து செல்வீர்கள். ஆசிரியர் வராத நாளிலும் வகுப்பு நடந்ததாகக் கணக்கிடப்பட்டிருந்தால், நீதிபதி கேட்பதற்கு முன்பே அதை எடுத்துக் காட்டுவீர்கள். நம் வழக்கறிஞர் ஒருமுறை நெற்றியில் அடித்துக்கொண்டார்: "அம்மா, நீங்க எந்தப் பக்கம்?"

"பதிவேட்டுப் பக்கம் சார்," என்றீர்கள்.

அன்றும் தோற்றோம். தீர்ப்பில் பல்கலைக்கழகத்துக்குக் கண்டனம், தங்களுக்குப் பாராட்டு. கூட்டலும் கழித்தலும் ஒருநாளும் தவறாத பட்டியலைப் பற்றி எந்தத் தீர்ப்பிலும் ஒரு வரிகூட இல்லை.

இனி, நாற்பத்திரண்டாம் வழக்கு. தொண்ணூறு வகுப்புகளில் அறுபத்தாறுக்கு மட்டுமே வந்தார் என்று, இறுதியாண்டு மாணவி ஒருவரைப் பட்டியல் நீக்கியது. நீதிமன்றம் அவரைத் தற்காலிகமாகத் தேர்வெழுத அனுமதித்தது. அவர் பெற்ற மதிப்பெண்ணோ முத்திரையிட்ட உறைக்குள் தங்கள் அலமாரியில் கிடக்கிறது. கிடைத்த வேலையில் இம்மாத இறுதிக்குள் சேராவிட்டால் அது அவர் கைவிட்டுப் போகும். விசாரணை வரும் திங்கட்கிழமை.

சென்ற செவ்வாயன்று எதிர்மேசையிடம் கோப்புகளை ஒப்படைக்கையில், "இதுக்கு ஆசிரியர் பதிவேட்டையும் பக்கத்துல வெச்சு ஒருதரம் பாத்துடுங்க மேடம்," என்றீர்கள்.

"என் பட்டியல்ல தப்புங்கிறீங்களா?" என்று சீறினார் அவர்.

"கூட்டல்ல இல்ல மேடம். நடக்காத வகுப்பையும் சேத்துக் கூட்டியிருக்கோமோன்னு தோணுது."

"தப்பில்லைன்னு காட்டத்தான் பாக்கறேன்!" என்று பதிவேட்டைத் திறந்தார். ஆசிரியர் விடுப்பிலிருந்த ஆறு வகுப்புகளும் அந்தத் தொண்ணூறில் சேர்ந்திருந்தன! எண்பத்து நான்குக்கு அறுபத்தாறு, எழுபத்தெட்டரை விழுக்காடு.

இன்று காலை அவர் தம் கையாலேயே பட்டியலைத் திருத்திக் கையொப்பமிட்டார். மாணவி தகுதியுடையவர் என்றே திங்களன்று பல்கலைக்கழகத்தின் பதில்மனு சொல்லும். இந்தத் தோல்வி தங்கள் பெயரில் சேராது, அம்மையீர். தாங்கள் முப்பத்தெட்டோடு நிறுத்திக்கொள்ள வேண்டியதுதான். உறை திறந்தபின் நன்றி சொல்ல அம்மாணவி வரும்போது தங்கள் நாற்காலி காலியாக இருக்கும். எதிர்மேசைக்குத்தான் அவர் வந்தாக வேண்டும். அங்கே ஒரு புதுக் குவளை வாங்கி வைக்கப்பட்டிருக்கிறது.

இதனால் பொறாமை தணிந்துவிடும் என்று தாங்கள் எண்ண வேண்டாம். அது தணியும் நாள்வரை, அதற்கு நூறாண்டு ஆயினும் ஆகுக, நோயின்றி, குறையின்றி, நிறைமகிழ்வோடு நீடு வாழ்வீராக!

என்றும் தங்கள் அன்பு மறவா,
தேர்வுத்துறைப் பணியாளர்கள்
(எதிர்மேசையும் உட்பட)