கிராவினா ஊரின் ஊமைப்பாட்டு

நம்ம பாட்டன் பூட்டன் நடமாடுன காலத்துல, பல்கேரியா தேசத்துல, டான்யூப் ஆத்தங்கரையில கிராவினான்னு ஒரு ஊரு இருந்துச்சாம். அங்க வெலிசார்னு ஒருத்தரு. ஆடு மேய்ச்சவரு மகன். வியன்னாவுக்குப் போயி சங்கீதம் படிச்சவரு. பெரிய பட்டணமெல்லாம் கூப்பிட்டுச்சாம். போகல. சொந்த ஊருலயே ஆப்பரா நடத்துனாரு.

ஆப்பரான்னா நம்ம நாடகந்தான். ஆனா வசனமே கிடையாது. அழுகையும் பாட்டு, சண்டையும் பாட்டு. மேடைக்குக் கீழ வாத்தியக்காரக ஒரு பட்டாளமே உக்காந்திருக்கும். அவுக முன்னால கையில ஒரு குச்சியோட நிப்பாரு வெலிசாரு. குச்சி ஏறுனா பாட்டு ஏறும். குச்சி நின்னா கூட்டத்துக்கு மூச்சு நிக்கும்.

மீன்படகு ஓட்டுன பாய்கோவைப் பெரிய பாடகனா ஆக்குனதும் அவருதான். ஊரே அவன் குரலுக்குக் கிறங்கிக் கிடந்துச்சாம்.

அப்ப ஆட்சி மாறுச்சு. பாய்கோ சாராயக்கடையில, "இவனுகளும் வாயைத்தான் அடைக்கிறானுக"ன்னு ஒரு சொல்லு சொல்லிட்டான். ஒரே சொல்லு. பட்டப்பகல்ல தூக்கிட்டுப் போயிட்டாக. போனவன் போனவந்தான்.

வெலிசாருகிட்ட அதிகாரி வந்தாரு. "பாய்கோன்னு ஒருத்தன் பொறக்கவே இல்ல. புரியுதா? ஞாயித்துக்கிழமை நாடகத்துல அவன் வேசத்தை வேற ஆளு கட்டுவான்."

"சரிங்க"ன்னுட்டாரு வெலிசாரு.

சரின்னு சொல்லிட்டு வந்தவருக்கு ரொட்டி தொண்டையில இறங்கல. சம்சாரம் நெவேனா பாத்தா.

"இறங்கலேன்னா தண்ணியக் குடிச்சு முழுங்குங்க. நீங்களும் போயிட்டா, நானும் புள்ளைகளும் எந்த ஆத்துல விழுறது?"

அவரு எந்திரிச்சுக் கொட்டகைக்குப் போயிட்டாராம்.

ஞாயித்துக்கிழமை பகலாட்டம். முன்வரிசையில அதிகாரிக. கடைசி வரிசையில பாய்கோவைப் பெத்தவ. சிறையில கிடக்குறவன் தாயை நெனச்சுப் பாடுற பாட்டு வந்துச்சு. புதுப்பாடகன் வாயைத் திறந்தான். வெலிசாரு இடது கையைத் தூக்கி, வேணாம்னு காட்டுனாரு. அவன் தலையைக் குனிஞ்சுக்கிட்டான். வாத்தியம் மட்டும் ஓடுது. பாட்டு இல்ல. பாட வேண்டிய இடமெல்லாம் வெறிச்சுனு கிடக்கு. வாத்தியக்காரக ஒருத்தரும் நிறுத்தல. வெலிசாருக்குச் சட்டையெல்லாம் வேர்வையில தொப்பலா நனைஞ்சு போச்சாம். பயந்தான். பயம் இல்லாம என்ன?

கடைசி வரிசையிலிருந்து ஒரு சத்தம். "ஏ, எம்மகன் எங்கடா?"

பாட்டு முடிஞ்ச பெறகுதான் குச்சியைக் கீழ வச்சாரு.

"ஏன்யா பாட விடல?"ன்னாரு அதிகாரி.

"பாடுறவரு இன்னும் வரலீங்க."

வெலிசாரைக் கல்லு உடைக்கிற முகாமுக்கு அனுப்பிட்டாக. பனி கொட்டுற மாசத்துல நெவேனா பாக்கப் போனா. முள்கம்பிக்கு அந்தப் பக்கம் நிக்காரு. விரல் பாதிக்கு மேல நசுங்கிப் போச்சு.

"எனக்கு உங்க மேல கோவம் ஆறல"ன்னா.

"ஆற வேணாம்"னாரு.

அந்தப் பனியிலேயே செத்துப் போனாரு. உடம்பைக்கூடக் குடுக்கல.

அந்த ஆட்சியும் ஒருநா போச்சு. அந்த நாடகத்தை இன்னைக்கும் போடுறாகளாம். அந்த இடம் வந்தா, வேசக்காரன் தலை குனிஞ்சு நிப்பான், வாத்தியம் மட்டும் பேசும், ஊரே எந்திரிச்சு நிக்கும். நெவேனா மட்டும் சாகுற வரைக்கும் அந்தக் கொட்டகை வாசலை மிதிக்கலையாம். அந்தப் பாட்டுக்கு ஊமைப்பாட்டுன்னு பேரு. பேரு வந்த கதை இதுதான்.