பூட்டிய குளியலறையும் கட்டிய கைகளும்

இவள் வாயைத் திறந்தால் எங்கே போய் நிற்பாளோ என்ற கவலையைக் கண்ணில் வைத்துக்கொண்டு, "பேசும்மா, பயப்படாம பேசு" என்று என்னை ஒலிபெருக்கி முன்னால் அனுப்பியிருக்கும் சங்கத் தலைவர் அவர்களே! இந்த ஆலைக்கு அஸ்திவாரம் தோண்டிய கைகளை மடியில் வைத்தபடி முன்வரிசையில் வீற்றிருக்கும் பெரியவர்களே! அடுப்பை அணைத்துவிட்டு, அழுகிற பிள்ளையை இடுப்பில் தூக்கிக்கொண்டு, ஆண்களுக்கு முன்பே வந்து இடம் பிடித்து உட்கார்ந்திருக்கும் என் தாய்மார்களே! ஈயம் உருக்கும் தோழர்களே, தகடு அடுக்கும் தோழியரே, அமிலம் ஊற்றும் தம்பிகளே! அதோ, டீக்கடை ஓரமாக ஒதுங்கி நின்று, யார் யார் கைதட்டுகிறார்கள் என்று கணக்கெடுத்துக்கொண்டிருக்கும் நிர்வாகத்தின் நண்பர்களே! உங்களுக்கும் என் வணக்கம். நாற்காலி காலியாகத்தான் இருக்கிறது, வந்து உட்காருங்கள். காது உங்களுக்கும் இருக்கிறது, குழந்தை குட்டி உங்களுக்கும் இருக்கிறது.

நாளைக் காலை ஷிப்ட் தொடங்கும் முன் நம்மை ஆலை வாசலில் நிறுத்தப் போகிறார்கள். எதற்கு? மாலை போடவா? மரியாதை செய்யவா? இல்லை, கை தூக்கச் சொல்வதற்கு! பேட்டரி செய்யும் ஆலைகளுக்கு அரசாங்கம் புது விதி போட்டிருக்கிறது. ஈயத் தூசியில் நிற்பவர் குளித்துவிட்டுத்தான் வீட்டுக்குப் போக வேண்டும். அவர் போட்ட சட்டையை ஆலையே துவைக்க வேண்டும். தூசி இழுக்கும் இயந்திரம் நிற்காமல் ஓட வேண்டும். விற்ற பேட்டரி உயிர் போய்க் கிடந்தால், அதைச் செய்தவரே திரும்ப எடுத்துப் பத்திரமாகப் பிரிக்க வேண்டும். சூரியனையும் சந்திரனையும் பிடித்துத் தரச் சொன்னார்களா? குளிக்க இடம் கொடு என்றார்கள். இந்த விதியிலிருந்து நம் ஆலைக்கு மட்டும் விலக்கு வேண்டுமாம். கேட்பது அவர்கள். கை தூக்க வேண்டியது மட்டும் நாம். "எங்க தொழிலாளிங்களே வேணாங்குறாங்க" என்று மேலிடத்தில் சொல்ல அவர்களுக்கு நம்முடைய கை தேவைப்படுகிறது.

இந்த நல்ல சேதியை நமக்கு எடுத்துச் சொன்ன மகராசன் யார்? நம் மேனேஜர். அவருக்கு நாம் ஒரு பெயர் வைத்திருக்கிறோம். நான் சொல்ல மாட்டேன், எனக்கு எதற்கு வம்பு? நீங்களே சொல்லுங்கள்... இன்னும் உரக்க, டீக்கடை வரைக்கும் கேட்க வேண்டாமா? ஆமாம், 'பரவாயில்லை'! மாஸ்க் கிழிந்துவிட்டது சார் என்றால், "பரவாயில்ல, கர்ச்சீப்பைக் கட்டிக்கோங்க." தூசி இழுக்கும் மெஷின் நின்றுவிட்டது சார் என்றால், "பரவாயில்ல, ஜன்னலைத் தெறந்து விடுங்க." வயிற்றைப் பிடித்து இழுக்கிறது சார் என்றால், "பரவாயில்ல, தண்ணி நெறையக் குடிங்க." அடடா, எப்பேர்ப்பட்ட பொறுமை! அடுத்தவர் உடம்புக்கு எது வந்தாலும் அசராமல் தாங்கிக்கொள்ளும் உத்தமர் அவர். ஆனால் அவருடைய காரில் ஒரு கீறல் விழுந்த அன்று மட்டும் அந்த வார்த்தை அவர் வாயிலிருந்து வரவில்லை. நானே பக்கத்தில் நின்று பார்த்தேன்.

தோழர்களே, நம் ஆலையில் ஒரு வழக்கம் இருக்கிறது. இங்கே வந்திருக்கும் மற்ற ஆலைத் தொழிலாளர்களுக்காகச் சொல்கிறேன். ஷிப்ட் முடிந்ததும் கம்ப்ரசரின் காற்றுக் குழாயை ஒருவர் கையில் எடுப்பார். மற்றவர் கையை விரித்து நிற்பார். தலை முதல் கால் வரை காற்றை அடித்தால் சட்டை படபடக்கும், சாம்பல் நிறத்தில் தூசி கிளம்பும், சுற்றி நிற்பவர்கள் சிரிப்பார்கள். இதற்குப் பெயர் காற்றுக் குளியல். புதிதாகச் சேர்ந்தவருக்கு மூத்தவர் காற்றடித்து விட்டால்தான் அவர் நம்மில் ஒருவர். புதிதாகக் கல்யாணம் ஆனவர் என்றால், "இன்னும் ரெண்டு தடவ அடிடா, வீட்ல ஆள் தெரியாமக் கதவச் சாத்திடப் போறாங்க" என்ற கிண்டலோடு கூடுதலாக அடிப்போம். எவ்வளவு பாசம், எவ்வளவு பரிவு! சுத்தமாகிவிட்டோம் என்ற நிம்மதியோடு வீட்டுக்குப் போனோம்.

சுத்தமானோமா? தூசி எங்கே போனது? வானத்துக்கா போனது? அடித்தவர் மூக்கில் போனது, நின்றவர் முடியில் போனது, சட்டைத் தையலுக்குள் சம்மணம் போட்டு உட்கார்ந்தது. அப்படிக் காற்றடிப்பதை எந்த அதிகாரியாவது தடுத்தாரா? மேனேஜர் அந்தப் பக்கம் தினமும் போகிறவர்தானே? அந்தக் காற்றுக் குழாய் இருக்கும் வரை குளியலறையை யாரும் கேட்க மாட்டார்கள் என்று அவருக்குத் தெரியும்.

இனி என் வீட்டுக் கதை. என் தங்கைக்கு ஒரே மகள். மூன்று வயது. வாயாடி என்றுதான் எங்கள் வீட்டில் அவளைக் கூப்பிடுவோம். கதவைத் தட்டினால் யார் என்று கேட்பாள், என்ன வாங்கி வந்தாய் என்று கேட்பாள், ஏன் நேற்று வரவில்லை என்று என்னையே அதட்டுவாள். அவளுடைய அப்பா, எங்கள் வீட்டு மாப்பிள்ளை, தகட்டில் ஈயப்பசை பூசும் பிரிவில் வேலை பார்க்கிறார். நம் ஆலையில் தூசி அதிகம் பறக்கிற இடம் அதுதான். சாயங்காலம் அவருடைய வண்டிச் சத்தம் கேட்டதும் வாயாடி வாசலுக்கு ஓடி இரண்டு கையையும் மேலே தூக்கி நிற்பாள். அவரும் வந்தது வந்தபடி அவளை வாரி எடுப்பார். அவள் அந்தச் சட்டையில் முகத்தைப் புதைத்துக்கொள்வாள்.

அந்த வாயாடி வரவரப் பேச்சைக் குறைத்தாள். சாப்பாட்டைத் தள்ளினாள். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டாள். 'பெரியம்மா' என்று வாய் நிறையக் கூப்பிட்டவள், அந்த வார்த்தையைத் தேடி என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். தாய்மார்களே, அந்தப் பார்வையை நான் சாகிற வரைக்கும் மறக்க மாட்டேன். நானும் தங்கையும் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினோம். ரத்தம் எடுத்துப் பார்த்துவிட்டு அந்த டாக்டரம்மா கேட்டார், "வீட்ல யாராவது பேட்டரி வேலை பாக்குறாங்களா? கொழந்த ரத்தத்துல ஈயம் நெறைய இருக்கு." என் தங்கைக்குக் கோபமே வந்துவிட்டது. "இவ அப்பா பாக்குறார் டாக்டர். ஆனா இவ ஒரு நாள்கூட ஃபேக்டரி பக்கம் போனதில்லையே!" அதற்கு அந்த டாக்டரம்மா சொன்னார், "இவ போகலம்மா. ஃபேக்டரிதான் தெனமும் இவளப் பாக்க வந்திருக்கு."

வந்திருக்கிறது தோழர்களே! சட்டையில் வந்தது, செருப்பில் வந்தது, துவைக்கிற தொட்டியில் வந்தது. அந்தத் தொட்டியில் அப்பா சட்டையும் பிள்ளை சட்டையும் சேர்ந்துதானே ஊறின? உங்கள் வீட்டில் மட்டும் தனித்தனியாக ஊறுகின்றனவா? சொல்லுங்கள்!

அன்றிலிருந்து மாப்பிள்ளை வாசல் வழியாக வீட்டுக்குள் வருவதில்லை. பின்பக்கமாக வருகிறார். தெருக்குழாயில் மற்ற வீட்டுப் பிள்ளைகள் தண்ணீர் பிடிக்கிற இடத்தில் குளிக்கவும் கூசுகிறார். பின்கட்டில் வாளித் தண்ணீரில் குளித்த பிறகும் மகளைத் தொட மாட்டேன் என்கிறார். "முடியில இருக்குமோ, நகத்துல இருக்குமோன்னு பயமா இருக்குக்கா" என்று என்னிடம் சொல்லி அழுதார். வண்டிச் சத்தம் கேட்டு வாசலுக்கு ஓடும் குழந்தைக்கு இதெல்லாம் புரியுமா? கையைத் தூக்கிக்கொண்டே நிற்கிறாள். கை வலிக்கும் வரை நிற்கிறாள். அப்புறம் தானே இறக்கிவிட்டு உள்ளே போகிறாள்.

இன்று காலை மாப்பிள்ளையைக் கூட்டிக்கொண்டு பரவாயில்லையைப் பார்க்கப் போனேன். குளியலறையைத் திறந்துவிடுங்கள் என்று கேட்டேன். என்ன, சிரிக்கிறீர்கள்? ஆமாம், நம் ஆலையில் குளியலறை இருக்கிறது! நீலக் கல் பதித்து, வரிசையாகக் குழாய் வைத்து, கண்ணாடிகூட மாட்டி, அரண்மனை அந்தப்புரம் தோற்றுப்போகிற குளியலறை. இன்ஸ்பெக்டர் வருகிற அன்று பூட்டு திறக்கும், அவர் கிளம்பியதும் பூட்டு விழும். மற்ற நாளில் உள்ளே என்ன தெரியுமா? கூரை வரைக்கும் பேட்டரிப் பெட்டிகள். ஒவ்வொரு பெட்டியிலும் பச்சை இலை படம், பூமியைக் காப்பாற்றுகிறோம் என்ற வாசகம். யோவ், முதலில் குளிக்க வருகிறவரைக் காப்பாற்று, பூமியைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்!

அந்தப் பூமியைத்தான் எந்த லட்சணத்தில் காப்பாற்றினார்கள்? பழைய பேட்டரியைத் திரும்ப எடுக்காததால் அது பழைய இரும்புக் கடைக்குப் போகிறது. அந்தக் கடைக்காரர் பாவம், வாய்க்கால் கரையில் வைத்துச் சம்மட்டியால் உடைத்து ஈயத்தைப் பொறுக்குகிறார், அமிலத்தை வாய்க்காலில் கொட்டுகிறார். கரையோரம் புல்கூட முளைப்பதில்லை. நாம் செய்து அனுப்பிய பொருள் நம் தண்ணீருக்கே திரும்பி வருகிறது. பச்சை இலை பெட்டியில் மட்டும்தான் துளிர்த்திருக்கிறது.

மேனேஜர் என்ன சொன்னார்? "பரவாயில்ல, பெட்டிய வைக்க வேற எடமில்ல, வீட்லயே குளிச்சுக்கோங்க." குழந்தையின் ரத்தத்தில் ஈயம் இருக்கிறது சார் என்றேன். நாற்காலியிலிருந்து எழுந்து வந்தார். பிறகு மாப்பிள்ளையின் தோளில் கையைப் போட்டார். "நாளைக்கு நீங்க மொத ஆளா கையத் தூக்குங்க. உங்களப் பார்த்து மத்தவங்களும் தூக்குவாங்க. அடுத்த நாளே பேக்கிங்குக்கு மாத்திடறேன், அங்க தூசியே கெடையாது." பார்த்தீர்களா? தூசி இல்லாத இடம் எது என்று அவருக்குத் தெரிகிறது! தூசி என்ன செய்யும் என்றும் தெரிகிறது! தெரியாமல் செய்தால் தப்பு என்று விடலாம். தெரிந்தே செய்கிறவரை என்ன சொல்வது? மாப்பிள்ளை பேக்கிங்குக்குப் போனால் பசை பூசும் இடம் காலியாகவா இருக்கும்? அங்கே உங்களில் ஒருவர் போய் நிற்பீர்கள். உங்கள் வீட்டு வாசலில் இன்னொரு வாயாடி வாயடைத்து நிற்பாள்.

யார் அங்கே? சத்தமாகக் கேளுங்கள் அண்ணே, தப்பில்லை. "ஆலைய மூடிட்டுப் போயிட்டா நீ சோறு போடுவியா?" என்று கேட்கிறார். நியாயமான கேள்வி. போட மாட்டேன் அண்ணே, என்னால் முடியாது. எனக்கும் இதே ஆலைதான் சோறு. தகடு அடுக்கித்தான் நானும் பிழைக்கிறேன். எனக்குப் பயமில்லை என்று சொன்னால் அது பச்சைப் பொய். ஆனால் நான் ஒன்று கேட்கிறேன். போன வருஷம் புதுக் கொட்டகை கட்டியவர்கள், புது இயந்திரம் இறக்கியவர்கள், ஒரு குளியலறையைத் திறக்கச் சொன்னதற்கா மூட்டை கட்டுவார்கள்? பக்கத்து ஊரிலும் இதே விதி, அதற்கு அடுத்த ஊரிலும் இதே விதி. அவர்கள் எங்கே போனாலும் கையைத் தூக்க ஆள் தேடித்தான் அலைய வேண்டும். முதலில் கிடைக்கிற ஆட்கள் நாமாக இருக்க வேண்டுமா? ஆலை வேண்டாம் என்று நாம் சொல்லவில்லை. பேட்டரி வேண்டாம் என்றும் சொல்லவில்லை. நாம் செய்கிற பேட்டரியில் ஊர் முழுக்க வண்டி ஓடட்டும், விளக்கு எரியட்டும். அதற்கு எரிபொருளாக நம் பிள்ளைகளைக் கேட்காதே என்கிறோம்!

மாப்பிள்ளை இங்கேதான் இருக்கிறார், விளக்குக் கம்பத்துக்குக் கீழே. நாளைக்கு என்ன செய்யப் போகிறீர்கள் என்று நான் அவரைக் கேட்கவில்லை. பெற்றவருடைய பயம் பெற்றவருக்குத்தான் தெரியும். இப்போதும் கேட்க மாட்டேன். பயந்து கையைத் தூக்கினாலும் அவர் என் மாப்பிள்ளைதான்.

முதலாளி முன்னால் கைகட்டி நிற்காதே என்று இந்த மேடையில் எத்தனையோ பேர் பேசியிருக்கிறார்கள். நானே தொண்டை கிழியப் பேசியிருக்கிறேன். இன்று மாற்றிச் சொல்கிறேன், கேளுங்கள். நாளை ஒரு நாள் கைகட்டி நில்லுங்கள்! அவர் கேட்கட்டும், கைகட்டி நில்லுங்கள்! அவர் கெஞ்சட்டும், கைகட்டி நில்லுங்கள்! அவர் அதட்டட்டும், மிரட்டட்டும், பெயர் சொல்லிக் கூப்பிடட்டும், கட்டிய கையை அவிழ்க்காமல் நிமிர்ந்து நில்லுங்கள்! எங்கள் வீட்டில் கை தூக்குகிறவள் ஒருத்திதான். நாளைச் சாயங்காலமும் வாசலில் நின்று தூக்குவாள். மேனேஜர் சார், அந்தக் கைக்குப் பதில் சொல்லிவிட்டு எங்கள் கையைக் கேளுங்கள்!

யார் எழுந்திருக்கிறது... மாப்பிள்ளையா? என்ன, கையை... அட, கட்டிக்கொண்டே எழுந்து நிற்கிறார்! அவர் பக்கத்தில் இருப்பவரும் கட்டிவிட்டார். பின்னால் பாருங்கள், தகடு அடுக்கும் தோழியர் அத்தனை பேரும்! அண்ணே, சோறு கேட்ட அண்ணே, நீங்களுமா? நன்றி அண்ணே. பயத்தோடு கட்டினாலும் கட்டிய கை கட்டிய கைதான்.

வேண்டாம், வேண்டாம், கைதட்டாதீர்கள்! கைதட்டினால் கட்டு அவிழ்ந்துவிடும். விடிய விடிய வேண்டாம், நாளை ஆலை வாசலில் மட்டும் போதும், இப்போது பழகிக்கொள்ளுங்கள். பேச இடம் தந்த தலைவருக்கும், பொறுமையாகக் கேட்ட பெரியவர்களுக்கும், அழுத பிள்ளையை ஆற்றிக்கொண்டே அசையாமல் இருந்த தாய்மார்களுக்கும், குறிப்பெடுத்த டீக்கடை நண்பர்களுக்கும் என் நன்றி. வழக்கமாகக் கையெடுத்துக் கும்பிட்டுத்தான் விடைபெறுவேன். இன்று மன்னியுங்கள், என் கையும் கட்டியிருக்கிறது. அந்தப் பூட்டு திறந்து, மாப்பிள்ளை அந்த நீலக் கல் அறையில் குளித்து, வாசல் வழியாக வீட்டுக்குள் போய் மகளைத் தூக்கட்டும். அன்றைக்கு இதே மேடையில் ஏறி உங்களைக் கைகூப்பி வணங்குகிறேன்.