கதவு திறந்த நாளில் நனைந்த வலை

என் பேச்சு நீளும் என்று தெரிந்தும் இந்த ஒலிவாங்கியை என் கையில் தந்த தலைவர் அண்ணன் அருமைநாயகம் அவர்களே! முன்வரிசையை நிறைத்திருக்கும் மூத்தோரே! தாய்மாரே! காத்தான்குடியிலிருந்து வந்து, கட்டணம் வாங்காமல் நமக்காக வழக்காடும் சட்டத்தரணி ஸஹீதா அவர்களே! வாவியில் வலைவீசி வாழும் என் மக்களே! மீனவர் சங்கத்தின் செயலாளர் என்ற முறையில் உங்கள் எல்லோரையும் வணங்கித் தொடங்குகிறேன்.

பொலிசாரை ஏசுவதற்கா இந்த மேடை? இல்லை. ஏசிவிட்டுப் போனால் நமக்கு மனம் ஆறும், பிரஷாந்திக்கு ஆறுமா? அவள் கணவன் ரதீஸ் நமது சங்கத்துப் பிள்ளை. தடைசெய்த தங்கூசி வலையால், அந்த மெல்லிய நைலோன் இழை வலையால், குஞ்சு மீனையெல்லாம் வாரி அள்ளுகிறார்கள் என்று முறைப்பாடு கொடுத்தவன். அவனைப் பிணமாகக் கண்டெடுத்தபோது அவன் காலில் சுற்றியிருந்தது என்ன? அதே தங்கூசி வலை! முதலில் விசாரித்த பொலிசார் என்ன எழுதினார்கள்? மீன்பிடிக்கப் போனார், தவறி விழுந்தார், தன் வலையில் சிக்கி இறந்தார். விபத்து. அத்தோடு விசாரணை முடிந்துவிட்டது.

முடிந்ததை முடியவில்லை என்று சொன்னவர் நீதவான். மன்றில் பிரஷாந்தியை அழைத்து அவர் கேட்டதை நான் பின்வரிசை வாங்கில் இருந்து கேட்டேன்.

"உங்கள் கணவர் அன்று மீன்பிடிக்கப் போனாரா?"

பிரஷாந்தி திகைத்துப் போனாள். "என்னய்யா கேட்கிறீங்க? அது வருசத்தில ஒருக்காக் கண்ணகை அம்மன் கோயில் கதவு திறக்கிற கிழமை. கடைசி நாள் குளிர்த்திச் சடங்கு முடியுமட்டும் எங்கட ஊரில ஒரு வலையும் நனையாது. அவர் நோன்பு வேற. ஆரோ களவா வலை போடுறாங்களாம் எண்டு கோயில்ல கதை. அதைப் பார்க்கத்தான் போனவர்."

"இதைப் பொலிசாரிடம் சொன்னீர்களா?"

"எங்க போனவர் எண்டு கேட்டாங்க. வாவிக்கு எண்டன். மற்றது ஊருக்கே தெரிஞ்ச விசயம்தானே, அதையும் சொல்லணுமா எண்டு இருந்திட்டன்."

கேட்டீர்களா மக்களே! அவள் மட்டுமா அப்படி இருந்தாள்? வாக்குமூலம் கொடுத்த நம்மில் யார் சொன்னோம்? ஒருவரும் சொல்லவில்லை! வெளியூரிலிருந்து வந்த அதிகாரிக்கு நமது அம்மனின் கதவு எப்போது திறக்கும் என்று எப்படித் தெரியும்? கேட்காதது அவர்கள் பிழை. சொல்லாதது நம் பிழை. இரண்டுக்கும் நடுவில் ஒரு மனிதனின் சாவு விபத்தாகிவிட்டது.

நீதவான் அன்றே கட்டளையிட்டார். விசாரணை வேறு குழுவிடம் போகவேண்டும். ஒவ்வொரு வழக்குத் தவணையிலும் என்ன செய்தார்கள் என்று மன்றுக்கு அறிக்கை தரவேண்டும். "நான் யாரையும் குற்றவாளி என்று சொல்லவில்லை. விசாரணை எந்தப் பக்கமும் சாயக்கூடாது. அதை இந்த மன்று பார்த்துக்கொண்டிருக்கும்" என்றார். எனக்குக் கண் கலங்கிவிட்டது, அதை ஏன் மறைக்கவேண்டும்?

ஆனால் மன்று எதைப் பார்க்கும்? பொலிசாரைப் பார்க்கும். நமது வாய்க்குள் பார்க்குமா? அன்று கரையில் அந்த வலையை விரித்து, "இது யாருடையது?" என்று கேட்டார்கள். வலையைப் பார்த்தே ஆளைச் சொல்லுகிற நாம், வாய் கூசாமல் தெரியாது என்றோம். பயம்! பயந்த ஊர் தெரியாது என்றது, செத்தவன் தலையிலேயே அந்த வலையைக் கட்டிவிட்டார்கள். நாளை அதே வலையை நீதவான் முன்னிலையில் விரிக்கப் போகிறார்கள். நாளையும் தெரியாது என்றால், எந்த நீதவான் வந்து என்ன?

என்ன தம்பி? பெயரைச் சொல்லவா? சொல்லமாட்டேன்! எனக்கு ஆத்திரம் இல்லையென்றா நினைக்கிறாய்? சாயாத விசாரணை வேண்டும் என்று கேட்டுவிட்டு, மேடையில் நின்று தீர்ப்புச் சொன்னால் நாமும் சாய்ந்தவர்கள்தானே. சந்தேகப்படுகிறவனுக்கும் அதே மன்று, அதே நீதி.

அது யார் எழும்புகிறது? நிலோஜனா? ரதீஸோடு ஒரே தோணியில் தொழில் செய்தவன். சொல்லு தம்பி.

"அண்ணன், அந்த வலை ஆர்ர எண்டு எனக்குத் தெரியும். அது..."

நிறுத்து தம்பி, நிறுத்து! இங்கே வேண்டாம். இங்கே சொன்னால் வெறும் ஊர்க்கதை. அங்கே சொன்னால் சாட்சியம். நாளைக்கு வருவாயா?

"வாறன். பிரஷாந்தி அக்காவோடயே வாறன்."

போதும். பிரஷாந்தி, அழாதே பிள்ளை. அழுதாலும் பரவாயில்லை, நாளை காலை வெளிக்கிட்டு நில். நாங்கள் பேருந்து பிடித்திருக்கிறோம். வலையைத் தெரிந்த எல்லோரும் ஏறுங்கள்.

இன்று வந்தவர்களுக்கு நன்றி. நாளை வரப்போகிறவர்களுக்கு என் வணக்கம்.