எகித்னா வீட்டு மருத்துவச்சி

பிறந்த குழந்தையைக் குளிப்பாட்டும் தண்ணீரை நன்றாகக் கொதிக்கவிட்டுத்தான் ஆறவைக்க வேண்டும். அவசரத்துக்குப் பச்சைத் தண்ணீரைக் கலக்கிறவள் மருத்துவச்சியே அல்ல. நீங்கள் மூவரும் வந்த நேரத்தில் அடுப்பில் அண்டா ஏறியிருப்பது அதனால்தான். தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள். பக்கத்துக் குகையில் எகித்னாவுக்கு இன்றோ நாளையோ என்றிருக்கிறது. கேட்பதைக் கேளுங்கள், நான் விறகைத் தள்ளிக்கொண்டே சொல்கிறேன்.

நீங்கள் யாரென்று தெரியும். தலையில் முடிக்குப் பதில் பாம்பு நெளிவது இந்தப் பக்கத்துக் குடும்பங்களில் பெரிய விஷயமில்லை. ஆனால் கையில் சவுக்கோடு மூன்று சகோதரிகள் சேர்ந்து வந்தால் அது நீங்கள்தான். சொந்தத்தைக் கொன்றவர்களை உலகத்தின் விளிம்புவரை துரத்துகிறவர்கள். பெயரைச் சொன்னால் திரும்பிப் பார்த்துவிடுவீர்கள் என்று பயந்து ஊரில் உங்களைக் ‘கருணைத் தாய்மார்’ என்கிறார்கள்.

எனக்குப் பயமில்லை. பெற்றவர்களை, தன் பிள்ளையை, கூடப்பிறந்ததைக் கொன்றவர்களைத்தானே நீங்கள் தொட முடியும்? நான் பிலின்னா, மருத்துவச்சி. எகித்னாவுக்கும் எனக்கும் உறவும் கிடையாது, ஒட்டும் கிடையாது. ஆகவே எதையும் மறைக்க வேண்டிய அவசியமில்லை.

எகித்னா இடுப்புக்கு மேலே லட்சணமான பெண். இடுப்புக்குக் கீழே பாம்பு. இதில் மருத்துவச்சிக்கு எங்கே வேலை என்று யோசிப்பீர்கள். முதல் பிரசவத்தில் நானும் அரை நாள் யோசித்தேன்.

அவள் புருஷன் தைபோனுக்கு நூறு தலை. நூறுக்கும் வானத்தோடு சண்டை. வீட்டுப்பக்கம் எட்டிப்பார்க்க மாட்டான். மூத்தது பிறந்தபோது சொல்லி அனுப்பினோம். “போர் முடியட்டும், வர்றேன்” என்று தொண்ணூற்றொன்பது வாய் சொன்னதாம். ஒரு வாய் மட்டும், “யாருக்குக் குழந்தை?” என்று கேட்டதாம்.

மூத்தது நாய், மூன்று தலை. இன்று பாதாளத்தில் வாசல் காவல். நிரந்தர வேலை, வேளாவேளைக்குத் தேன் அடை. அவனைப் பற்றி எந்தக் குறையும் இல்லை.

இரண்டாவது சிங்கம். தொப்புள்கொடியை அறுக்கக் கத்தி வைத்தேன், வளைந்தது. ஆட்டு ரோமம் வெட்டும் கத்தரி வைத்தேன், உடைந்தது. கடைசியில் அதன் பிஞ்சுக் காலைப் பிடித்து, அதன் நகத்தாலேயே அறுத்தேன்.

“பிலின்னாக்கா, இவன் யாரு ஜாடை?” என்றாள் எகித்னா, வாலால் வியர்வையைத் துடைத்துக்கொண்டே.

“நகம் அவங்கப்பன். வாயி உன்னோடதுடி.”

அந்தச் சிங்கம் என் மார்பில் ஒரு வாரம் தூங்கியது. பிறந்த குழந்தையின் உச்சந்தலையில் ஒரு வாசனை உண்டு, உங்களுக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை. அது ஒரு வாரம்தான் இருக்கும். அப்புறம் பல் முளைக்கும், பிடரி வளரும், நெமியாப் பக்கம் போய் ஆளைத் தின்ன ஆரம்பிக்கும். ஒருநாள் எள்ளுருண்டை செய்து எடுத்துக்கொண்டு பார்க்கப் போனேன். என்னைப் பார்த்து உறுமியது. யாரைப் பார்த்து? என்னை.

திரும்பும் வழியில் ஊற்றங்கரையில் ஒரு முரடன் உடைந்த அம்புகளைப் பரப்பி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். பக்கத்தில் ஒரு பெரிய தடி. “என்னம்மா இது, எத்தனை விட்டாலும் அந்தச் சிங்கத்தோட தோலு கிழியவே மாட்டேங்குது” என்று புலம்பினான்.

“கழுத்தை நெரிச்சுப்புடு, தம்பி. தோலு வேணும்னா அது நகத்தாலயே கிழி” என்றேன். பேச்சுவாக்கில் வந்ததுதான்.

அவன் அப்படியே செய்துவிட்டான். சிங்கத்தின் சாவுக்குத் தைபோன் வந்தான். கல்யாணம் காட்சிக்கு வராதவன் துக்கம் என்றால் வந்துவிடுவான், நூறு தலையும் அழுதாக வேண்டுமே. முப்பது நாள் வீட்டோடு இருந்தான். அவன் கிளம்பிப்போன மறுமாதம் மசக்கைக்காரி மாங்காய் கேட்பது மாதிரி, எகித்னா பச்சை ஆலிவ் காயை உப்பில்லாமல் கேட்டாள்.

இதை நான் ஏற்பாடு செய்தேன் என்று சொல்ல மாட்டேன். கவனித்தேன், அவ்வளவுதான்.

அடுத்தது ஒன்பது தலைப் பெண். பெண் பிறந்தால் வாசலில் கம்பளி நூல் கட்டுவது எங்கள் வழக்கம். தலைக்கு ஒரு முடிச்சா, ஆளுக்கு ஒரு முடிச்சா என்று எகித்னாவுக்கும் எனக்கும் பெரிய தகராறு. கொடியை அறுத்தால் அறுத்த இடத்தில் இரண்டாக முளைத்தது. தீக்கம்பியைக் காய்ச்சிச் சுட்டேன், நின்றது. ஒரு வாரம் ஒன்பது உச்சந்தலை. என் வாழ்க்கையிலேயே சந்தோஷமான வாரம் அதுதான்.

வளர்ந்ததும் அவள் லெர்னாச் சதுப்பில் போய்க் கிடந்தாள். முன்பு பார்த்த அதே முரடன், வெட்ட வெட்ட அவள் தலை இரண்டாக முளைக்கிறதென்று, இந்தத் தடவை என் வீட்டையே தேடி வந்தான். வந்த விருந்தாளியை வெறுங்கையோடு அனுப்புவது இந்த ஊரில் பழக்கமில்லை. பாலாடைக்கட்டியும் அத்திப்பழமும் கொடுத்து, அந்தத் தீக்கம்பியையும் கொடுத்தனுப்பினேன். திருப்பித் தரவில்லை. அவன் குணம் அப்படி.

அவளும் போனாள். தைபோன் துக்கத்துக்கு வந்தான். முப்பது நாள் இருந்தான்.

நான்காவது, பெண் முகமும் சிங்க உடம்பும் சிறகுமாக ஒருத்தி. அறிவென்றால் அப்படி ஓர் அறிவு. அவளைத் தூங்கவைக்க நான் ஒரு விடுகதையைத் தாலாட்டாகப் பாடுவேன். காலையில் நாலு கால், மாலையில் மூன்று கால் என்று வரும். விடையை அவள் காதில் மட்டும் சொல்வேன். பெரியவளானதும் தீப்ஸ் நகர வாசலில் உட்கார்ந்து அதையே வழிப்போக்கர்களிடம் கேட்டாள். விடை தெரியாதவர்களைத் தின்றாள். யார் சொல்லிக்கொடுத்தது என்று ஒருவரிடமும் சொன்னதில்லை.

இந்த முறை யாரும் என்னைத் தேடி வரவில்லை. நான்தான் நான்கு நாள் நடந்துபோய், தீப்ஸ் போகும் முச்சந்தியில் உட்கார்ந்தேன். பாதம் வீங்கிய ஒரு வாலிபன் வந்தான். பெற்றவர்களை உட்காரவைத்துச் சோறு போடுகிற முகம். எனக்கு முகம் பார்த்தால் தெரியும். விடையைச் சொல்லி அனுப்பினேன்.

அவன் விடை சொன்னதும் அவள் பாறையிலிருந்து குதித்துச் செத்தாள். அழுதேன். அழுதுகொண்டே ஊருக்கு வந்து, தைபோனுக்கு ஆள் அனுப்பினேன்.

ஆக, மூன்றையும் கொன்றது நான்தான். போதுமா? என்னைப் பிடிக்க உங்களுக்கு வழியில்லை. ஊரான் பிள்ளைகள்.

என்ன கேட்டீர்கள், மூத்தவரே? ஐந்தாம் நாள் அடுப்புச் சடங்கா? ஆமாம், எங்கள் சட்டமே அதுதானே. ஐந்தாம் நாள் குழந்தையைத் தூக்கிக்கொண்டு அடுப்பைச் சுற்றி ஓட வேண்டும். பெற்றது யாராக இருந்தாலும் சுற்றியவருக்குத்தான் பிள்ளை. சுற்ற ஆளில்லாததை மலையில் போட்டுவிடுவார்கள்.

அப்பன் வரவில்லை. எகித்னா சுற்றினால் தலை ஒரு சுற்று முடிக்கும்போது வால் நெருப்பில் கிடக்கும். வேறு யார் சுற்றுவது? நான்தான். நாலு பேரையும் இந்தக் கையில் ஏந்தி, இந்த அடுப்பைச் சுற்றி ஓடினேன். ஒன்பது தலைக்காரியைத் தூக்கி ஓடியதில் இடுப்பு பிடித்தது இன்னும் விடவில்லை. பெயர் வைத்ததும் நான்தான். எகித்னா பெற்றாள், அவ்வளவுதான். ஊரில் யாரை வேண்டுமானாலும் கேளுங்கள், பிலின்னா பிள்ளைகள் என்றுதான் சொல்வார்கள். இப்போது வரப்போவதும் என்னுடையதுதான்.

அண்டாவை இறக்க வேண்டும், ஒரு கை பிடியுங்கள். ஏன் மூவரும் ஒன்றாக எழுந்துவிட்டீர்கள்? எகித்னாவுக்கு வலி எடுத்துவிட்டதா?