இருபதடி, பத்தடி, இரண்டடி

விளக்கைக் குறைத்துவிட்டு நெருங்கி உட்காருங்கள். நம் லைட்மேனின் மச்சானுக்கு நடந்தது இது...

விடியற்காலை நாலே முக்கால். ஆளில்லாத சாலை. படப்பிடிப்பு வேனில் அவன் மட்டும் விழித்திருந்தான். படம் எடுப்பவர்களைப் படம் எடுப்பதுதான் அவன் வேலை. நடிகை அழுவதை ஊரே பார்க்கும். அதற்கு முன்னால் அவள் விடும் கொட்டாவியை அவன் கேமரா மட்டும் பார்க்கும். பதினொரு வருடத்தில் அவன் எடுத்த எதிலும் அவன் இருந்ததில்லை.

அந்த வாரம் அவன் கேமராவின் மெமரி கார்டிலிருந்து ஒரு காட்சி கசிந்து, எல்லோர் செல்போனிலும் ஓடியது. மேனேஜர் கூப்பிட்டார்.

"கேமரா உன் கையில, கார்டு உன் பையில. வேற யாரைய்யா கேக்கறது? வெள்ளிக்குள்ள ஆளைக் காட்டு. இல்லேன்னா நடையைக் கட்டு."

அவனுக்கு, படக் கேமராவுக்கு ஃபோகஸ் பார்க்கும் பையன் மேல்தான் சந்தேகம். சாப்பாட்டு நேரத்தில் கேமராப் பக்கமே சுற்றுவான். அதனால்தான் அந்த விடியற்காலையில் இவன் தூங்காமல், வேனில் முந்தின நாள் கார்டை லேப்டாப்பில் போட்டுப் பார்த்தான். கடைசியில் அவன் எடுக்காத துண்டு ஒன்று. தூரத்திலிருந்து... அவன் முதுகு. தோளில் கேமரா.

மாட்டினான்டா, என்று நினைத்துக்கொண்டான்.

அன்று கார்டு மூடி மேல் டேப் ஒட்டிக் கையெழுத்துப் போட்டான். கேமராவை மடியில் வைத்துக்கொண்டே சாப்பிட்டான். மறுநாள் டேப் கிழியவில்லை. உள்ளே இன்னொரு துண்டு. அதே முதுகு, கிட்டத்தில். அதற்கு மறுநாள் காலரின் வியர்வைக் கறையே தெரிந்தது. இப்போது சத்தமும் இருந்தது... யாரோ மூக்கால் மெல்ல மூச்சு விடுவது. மூடியைத் திறந்தபோது ஈரத்துணி வாடை.

வெள்ளிக்கிழமை அந்தப் பையனின் சட்டையைப் பிடித்தான். "ஏண்டா என் பொழப்புல மண்ணை அள்ளிப் போடறே?"

பையன் திமிறவில்லை. மூன்று துண்டையும் வாங்கிப் பார்த்தான். கண்ணாலேயே தூரம் அளக்கிற தொழில் அவனுடையது.

"முதல்ல இருபதடி. அப்புறம் பத்து. இது ரெண்டு." நிறுத்தினான். "அண்ணே... இதுல உங்க தோள்ல இருக்கறதைப் பாருங்க. பச்சை டேப் சுத்தின கேமரா, யூனிட்ல இது ஒண்ணுதான். இந்தக் கார்டும் அதுக்குள்ளதான் இருந்துச்சு. அப்ப இதை எதால எடுத்தாங்க?"

மேனேஜரும் பார்த்தார். கசிந்த காட்சியைத் திரும்ப ஓடவிட்டார். "இதுலயும் ஓரத்துல நீ நிக்கறே. நான்தான் கவனிக்கல."

அவன் மேல் தப்பில்லை என்று ஆகிவிட்டது. ஆனாலும் மேனேஜர் கேமராவைத் துண்டால் சுற்றித் தூக்கி, அலமாரியில் வைத்துப் பூட்டினார். "நீ வீட்டுக்குப் போப்பா. இனிமே வர வேண்டாம்."

ஞாயிற்றுக்கிழமை முடி வெட்டப் போனான். பின்கழுத்துக்கு வந்ததும் கத்தி சுரண்டும் சத்தம் நின்றது.

"என்ன சார் இது, வட்டமா அச்சு? டம்ளர் மேல படுத்தீங்களா?"

"எவ்வளவு பெருசு?"

முடிவெட்டுபவர் விரலை வளைத்துக் காட்டினார். அந்த அளவு அவனுக்குத் தெரியும். தினமும் அவன் துடைத்து வைத்த லென்ஸ் வளையம். நிமிர்ந்து கண்ணாடியைப் பார்த்தான். பின்னால் சுவர் மட்டும்தான்.

"சில்லுனு இருக்கு சார்... இப்பத்தான் பதிஞ்ச மாதிரி."