இடைநிலை என்ற பதிவை எழுதியவர்

நீண்ட பேச்சுகளையும் நீளாத கைதட்டல்களையும் நிதானமாய்த் தாங்கிக்கொண்டிருக்கும் அவைத்தலைவர் அவர்களே! ஒரு சொல்லுக்காக ஒரு மாதம் உறங்காத முதன்மைப் பதிப்பாசிரியர் அவர்களே! மெய்ப்புத் திருத்தித் திருத்தியே மெலிந்துபோன நண்பர்களே! பிள்ளை என்ன படிக்கிறது என்று புரியாமலேயே படிக்க அனுப்பிய தாய்மார்களே! மதிப்பெண் கிடைக்குமா என்று கேட்டு மானிடவியலில் சேர்ந்து, மனிதர் என்றால் யார் என்று கேட்கத் தொடங்கிவிட்ட மாணவச் செல்வங்களே! எல்லோருக்கும் என் பணிவான வணக்கம்.

மானிடவியலின் அடிப்படைக் கருத்துகளை அகரவரிசையில் விளக்கும் நம் கலைக்களஞ்சியம் இன்று வெளியாகிறது. தொகுப்புக் குழுவின் செயலாளர் என்பதால் வாழ்த்திப் பேச அழைத்தார்கள். வாழ்த்தத்தான் வந்தேன். வாய் வரவில்லை.

பின்வரிசையில் ஒருவர் "சத்தமா!" என்கிறார். மன்னியுங்கள் ஐயா, குறை ஒலிபெருக்கியில் இல்லை.

நோக்குநூல் என்பது என்ன? கட்டிலில் சாய்ந்து படிக்கும் கதையா? காதலிக்குக் கொடுக்கும் பரிசா? இல்லை! தெரியாத சொல் ஒன்று தொண்டையில் முள்ளாய்ச் சிக்கும்போது ஓடிவந்து திறப்பது. குலம் என்றால் என்ன, கொடை என்றால் என்ன, விலக்கு என்றால் என்ன என்று கேட்டவுடன், அரைப்பக்கத்தில் அமைதியாய் விடை சொல்வது. 'உறவுமுறை' என்ற பதிவை விவாதித்த நாளில், அத்தை மகனா மாமன் மகனா என்று நாங்கள் போட்ட கூச்சலைக் கேட்டு, கீழ்த்தளத்து அச்சகத்தார் மேலே யாருக்கோ கல்யாணப் பேச்சு நடக்கிறது என்றே நினைத்துவிட்டார்கள்.

சிரியுங்கள், சிரியுங்கள். இனி அதற்கு இடம் இருக்காது.

எங்கள் குழுவில் ஒரு பேராசிரியை. துறையில் அவருக்குப் பெயர் 'அகராதி டீச்சர்'. எல்லாச் சொல்லுக்கும் பொருள் தெரிந்தவர் என்பது ஒரு காரணம். எவரிடமும் விட்டுக்கொடுக்காமல் வாதாடும் அகராதிக்காரி என்பது இன்னொரு காரணம். இரண்டையும் அவரே சொல்லிச் சிரிப்பார். சடங்குகள் பற்றிய பதிவுகள் எல்லாம் அவர் எழுதியவை. அவற்றில் ஒன்று 'இடைநிலை'.

இடைநிலை என்றால் என்ன? பழைய நிலையிலிருந்து ஒருவர் பிரிந்துவிட்டார், புதிய நிலையில் இன்னும் சேரவில்லை. சிறுவனுமல்ல, ஆடவனுமல்ல. அங்குமில்லை, இங்குமில்லை. சடங்கு வந்து கைபிடித்து அவரை மறுபுறம் கொண்டு சேர்க்கும். டீச்சர் எழுதிய கடைசி வரி இது: 'இந்நிலை தற்காலிகமானது. இதில் புகுந்தவர் வெளியேறுவர்.' அழகான வரி. முதல் மெய்ப்புக்காக அச்சகத்துக்குப் போயிற்று.

அந்த மாதந்தான் இடி விழுந்தது. டீச்சரின் கணவர் சரக்குக் கப்பலில் இயந்திரப் பொறியாளர். நடுக்கடலில் புயல். கப்பலிடமிருந்து வந்துகொண்டிருந்த செய்தி நின்றது. அவ்வளவுதான். மூழ்கியது என்று சொல்ல ஓர் உடைந்த பலகை கிடைக்கவில்லை. மிதக்கிறது என்று சொல்ல ஓர் ஒளி தெரியவில்லை. தேடினார்கள், தேடினார்கள், தேடுவதையும் நிறுத்தினார்கள்.

அவர் கல்லூரிக்குத் திரும்பிய காலையில் ஆசிரியர் அறையில் நாங்கள் என்ன கேட்பது? துக்கம் விசாரிப்பதா, நலம் விசாரிப்பதா? மனித குலத்தின் சடங்குகளையெல்லாம் கரைத்துக் குடித்த அறிஞர் கூட்டம், பேருந்து தாமதமா என்று கேட்டது!

வீட்டில் மாமியார், கணவரின் தம்பி, இவர். தம்பி ஒருநாள் தயங்கித் தயங்கிச் சொன்னாராம்: "அண்ணி, ஒரு நாள் பார்த்து அண்ணனுக்குச் செய்ய வேண்டியதைச் செஞ்சு முடிச்சிடலாம். எத்தனை நாளைக்குத்தான் இப்படியே இருப்பீங்க?" உள்ளிருந்து தாய் அலறினாராம்: "உசுரோட இருக்கிற பிள்ளைக்குக் காரியம் பண்ணச் சொல்றியாடா?" நடுவில் நின்றவர் எந்தப் பக்கம் பேசுவார்? எந்தப் பக்கம் பேசினாலும் ஒருவரைக் கொன்றதாகும் அல்லவா?

பிறகு ஒரு மதியம், நூலகத்தின் நீள மேசையில் அவரைக் கண்டேன். மானிடவியல் அகராதிகள், கலைக்களஞ்சியங்கள், கையேடுகள் அத்தனையும் விரிந்து கிடந்தன. எல்லாவற்றிலும் அதே பதிவு. நூலகர் அருகே போய்க் கேட்டார்: "எது வேணும்னு சொல்லுங்க டீச்சர், நான் எடுத்துத் தரேன்."

"வெளியில வராதவங்களைப் பத்தி எதுல இருக்கு?"

புத்தகத் தலைப்பு என்று நினைத்த நூலகர், பாவம், கணினியில் தேடத் தொடங்கினார். கிடைக்கவில்லை. எங்கிருந்து கிடைக்கும்?

அடுத்த குழுக் கூட்டத்தில் டீச்சர் எழுந்தார். கடைசி வரியை எடுத்துவிட்டு வேறு வரி போட வேண்டும் என்றார்: 'சிலர் வெளியேறுவதில்லை.' பதிப்பாசிரியர் கண்ணாடியைக் கழற்றி வைத்தார். இங்கே அமர்ந்திருக்கிறார், நான் கூட்டிச் சொன்னால் அவரே திருத்தட்டும்.

"அம்மா, இது பரீட்சைக்குப் படிக்கிற பிள்ளைங்க புத்தகம். ஆதாரம் இல்லாம ஒரு வரி சேர்க்க முடியாதே."

"ஆதாரம் நான்தான் சார்."

"ஒரே ஒருத்தர் ஆதாரம் ஆக முடியாதும்மா." கழற்றிய கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே சொன்னார்.

நான் டீச்சருக்காக வாதாடினேன். தோற்றேன். ஏன் தோற்றேன்? பதிப்பாசிரியர் சொன்னது சரி என்பதால் தோற்றேன்! கொடுமை செய்தவன் ஒருவன் இருந்தால் கைநீட்டிக் குற்றம் சாட்டலாம். அங்கே எல்லோரும் சரியாகவே நடந்துகொண்டார்கள். வாதாடப் பிறந்த அந்த அம்மையார் அன்று வாதாடவில்லை. "அப்ப என் பேரை மட்டும் எடுத்துடுங்க" என்றார். எடுத்துவிட்டோம்.

போன வாரம் முதல் பிரதியோடு அவர் வீட்டுக்குப் போனேன். புரட்டினார். அந்தப் பக்கத்தில் நின்றார். மூடினார். "அச்சு நல்லா வந்திருக்கு" என்றார். பிறகு கேட்டார்:

"மேடையில எங்களைப் பத்திப் பேசுவீங்களா?"

"நீங்க சரின்னு சொன்னாத்தான், டீச்சர்."

"பேசுங்க. ஆனா ஒண்ணு. அவரைப் பத்திச் சொல்லும்போது, 'இருக்கார்'னு சொல்வீங்களா, 'இருந்தார்'னு சொல்வீங்களா?"

கேளுங்கள் பெரியோர்களே! மேடை மேடையாய்ச் சொல்விற்றுத் திரிந்த நான், "நீங்க எப்படிச் சொல்றீங்க?" என்று திருப்பிக் கேட்டேன்.

உள்ளறையில் மாமியார் இருமினார். டீச்சர் குரலைத் தாழ்த்தினார். "அத்தைகிட்ட 'இருக்கார்'னு சொல்றேன். தம்பிகிட்ட 'இருந்தார்'னு சொல்றேன். தனியா இருக்கிறப்ப அவர் பேச்சையே எடுக்கிறதில்ல சார். எடுத்தா ஏதாவது ஒண்ணு சொல்லியாகணுமே."

அவையோரே! நிலவைத் தொட்டோம், நீரைப் பிளந்தோம், நெடுங்கடலின் ஆழத்தை நூல் பிடித்து அளந்தோம். ஒரு பெண் தன் கணவனைப் பற்றித் தனக்குத்தானே பேசிக்கொள்ள ஒரு சொல் வைத்தோமா? எந்த அகராதியில் வைத்தோம்? எந்தப் பக்கத்தில் வைத்தோம்? கைதட்டாதீர்கள், வேண்டாம். இதற்குக் கைதட்டாதீர்கள்.

இந்தப் புத்தகத்தை வாங்குங்கள். நல்ல புத்தகம். மாணவர்களே, நம்பிப் படியுங்கள், பிழை இருக்காது. அந்த வரி அந்தப் பக்கத்தில் அப்படியேதான் இருக்கிறது. அதை அடித்துவிட்டு எழுத என்னிடம் வேறு வரி இல்லை.

டீச்சர் கேட்டதற்கு மட்டும், வாரம் முழுதும் தேடியும் விடை கிடைக்காமல், தமிழின் காலில் விழுந்தேன். வினைச்சொல் இல்லாமலும் ஒரு வாக்கியத்தை முடிக்க இம்மொழி இடம் தருகிறது. அந்த இடத்தில் ஒதுங்கிக்கொண்டு சொல்கிறேன்.

அவர் நல்ல மனிதர்.

இவ்வளவு நேரம் என் தழுதழுத்த குரலைச் சகித்தவர்களுக்கு நன்றி. வீட்டில் உங்களுக்காகக் காத்திருப்போரிடம் நேரத்தோடு போய்ச் சேருங்கள். வணக்கம்.